பதினோராவது பாட்டுக்கு முன்னால்

பர்பேங்க்,
1999 அக்டோபர் 19, செவ்வாய்க்கிழமை

அன்புள்ள மார்கிட்டுக்கு,

ஆர்லிஸ் டக்கெட் சொல்லச் சொல்ல எழுதப்படும் கடிதம் இது. நீயும் உன் வீட்டிலுள்ளவர்களும் சுகமாக இருக்க வேண்டும். எனக்கு எண்பத்துமூன்று நடக்கிறது. இடது காது போய்விட்டது, வலது காது பரவாயில்லை.

மற்றதைப் படிக்கும் முன்னால் ஒன்று. நியூயார்க் இசைத்தட்டுக் கம்பெனியிலிருந்து உனக்கு ஓர் ஒலிநாடாப் பெட்டி வரும். அதைத் திறக்காதே. ஏற்கெனவே வந்திருந்தால் அப்படியே மூடி வை. கேட்டே விட்டாய் என்றால், இதைப் படித்துவிட்டு இன்னொரு தடவை கேட்க வேண்டியிருக்கும். வேறு வழி இல்லை.

என்னை உனக்கு நினைவிருக்கும் என்றுதான் நினைக்கிறேன். வாத்தியக்குழுவை நடத்திய உன் அப்பா உன்னை ஒருநாள் ஸ்டூடியோவுக்கு அழைத்து வந்தார். நீ மஞ்சள் கவுன் போட்டிருந்தாய், முன்பல் ஒன்று இல்லை. காலணி இல்லாமல் வெறும் காலுறையோடு நடந்த ஓர் ஒல்லி ஆள் உனக்குப் புதினா மிட்டாய் கொடுத்தான். அது நான்தான். பாடகர் கால் ப்ரெண்டிஸிடம் பதினான்கு வருஷம் வேலை பார்த்தேன். சட்டை தேய்ப்பது, கார் ஓட்டுவது, தேன் கலந்த தேநீர்க் குடுவையைச் சுமப்பது. நீ என்னிடம் ஏன் ஷூ இல்லை என்று கேட்டாய். ஷூ சத்தம் பாட்டில் விழுந்துவிடும் பாப்பா என்றேன். அன்று முழுக்க நீயும் ஷூவைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு சுற்றினாய்.

உன் கடிதம் கிடைத்தது. கிடைத்து நான்கு நாள் சட்டைப் பையிலேயே வைத்திருந்தேன். எனக்குப் படிக்கத் தெரியாது, மார்கிட். ஓக்லஹோமாவில் பருத்தி எடுக்கிற வீட்டில் பிறந்தவன். பள்ளிக்கூடம் எந்தப் பக்கம் இருந்தது என்றே தெரியாமல் வளர்ந்தேன். எண்கள் தெரியும். என் பெயரைப் படம் போடுகிற மாதிரி போடுவேன். அவ்வளவுதான்.

நான்காம் நாள் மூன்று பேருந்து மாறி இந்த வீட்டுக்கு வந்தேன். இங்கே இருப்பவர் வெர்னா கீட்டிங். அந்த ஸ்டூடியோவின் முன்மேசையில் தொலைபேசி பார்த்தவர். இப்போது அறுபத்தாறு வயது, தனியாக இருக்கிறார். முப்பத்தாறு வருஷம் கழித்து நான் வாசலில் நிற்பதைப் பார்த்து, “யாரு? ஆர்லிஸா? இன்னும் சாகலையா நீங்க?” என்று சிரித்தார். உள்ளே அழைத்துக் காப்பி கொடுத்தார். உன் கடிதத்தைப் படித்துக் காட்டியதும் அவர்தான். இப்போது எழுதிக்கொண்டிருப்பதும் அவர்தான்.

இன்று மறுபடி வந்து, எழுத உட்காரும் முன்னால் ஒரு வாக்கு வாங்கிக்கொண்டேன். நான் சொல்வதை அப்படியே எழுத வேண்டும், நடுவில் எழுந்து போகக் கூடாது, கேள்வி கேட்கக் கூடாது. “என்ன பெரிய ரகசியம் வச்சிருக்கீங்க?” என்றார். சரி என்றும் சொன்னார். நான் என்ன சொல்லப் போகிறேன் என்று அவருக்கு இன்னும் தெரியாது. அவர் முகத்தைப் பார்க்காமல் சன்னலைப் பார்த்துத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறேன். வெளியே மலைப்பக்கத்திலிருந்து சூடாகக் காற்று அடிக்கிறது. பனைமரத்து மட்டையெல்லாம் சாலையில் கிடக்கிறது. அன்றைக்கு அடித்ததும் இதே காற்று.

நீ கேட்டது ஒரே கேள்வி. அன்றைக்கு உன் அம்மா இருந்த வீட்டை நோக்கிக் காட்டுத்தீ வருகிறது என்று உன் அப்பாவுக்குத் தெரியுமா, தெரிந்தும் பாட்டை முடித்துவிட்டுப் போனாரா. உன்னை வளர்த்த சித்தி அப்படித்தான் சொன்னார் என்று எழுதியிருந்தாய். உன் அம்மா அன்று காலை சித்தியிடம் தொலைபேசியில் பேசியிருக்கிறார்: “அவருக்குச் சீட்டு குடுத்தாச்சாம், கிளம்பிட்டாராம்.” அதனால் ஸ்டூடியோவுக்குள் சேதி எழுதிய சீட்டு போனது சித்திக்குத் தெரியும். அப்பா வந்து சேரவில்லை என்பதும் தெரியும். இரண்டையும் கூட்டிப் பார்த்தால் வேறு என்ன வரும்? சித்தியைக் குற்றம் சொல்ல மாட்டேன். டுலூத் முதியோர் விடுதியிலிருந்து நர்ஸ் கூப்பிடுகிறார், அப்பாவுக்கு நாள் அதிகம் இல்லை என்கிறார், இருபது வருஷமாகப் போகவில்லை, கம்பெனி அனுப்புகிற ஒலிநாடாவைக் கேட்டுவிட்டுத்தான் போவதா வேண்டாமா என்று முடிவு செய்வேன் என்றும் எழுதியிருந்தாய்.

அந்த வரிக்காகத்தான் இந்தக் கடிதம். ஏனென்றால் ஒலிநாடாவில் என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியும். கம்பெனிக்காரர் ஒருவர் போன மாதம் என்னைக் கூப்பிட்டார். இளம் குரல், ரொம்பச் சந்தோஷம். “சார், அந்தத் திரைப்பாட்டு ஆல்பத்தோட மூல நாடா முழுசா கெடைச்சிருக்கு. டேக்குக்கு நடுவுல நீங்கள்லாம் பேசிக்கிறதுகூட இருக்கு. உங்க குரலும் இருக்கு சார்! அந்தச் சீட்டு ஜோக் அட்டகாசம். பதினோராவது பாட்டுக்கு முன்னாடி அப்படியே வைக்கப்போறோம்” என்றார். நான் போனை வைத்துவிட்டேன். அவர் லைன் போய்விட்டது என்று மறுபடி கூப்பிட்டார்.

அந்த ஆல்பம் உனக்குத் தெரியும். பன்னிரண்டு சினிமாப் பாட்டு. அட்டையில் கால் ப்ரெண்டிஸ் காலித் தியேட்டரில் சிவப்பு நாற்காலியில் தனியாக உட்கார்ந்திருப்பார். பாதிப் படம் அப்போது வெளிவரவே இல்லை. படம் வரும் முன்னால் பாட்டு வந்துவிடும். எந்தப் பாட்டுக்குப் பரிசு கிடைக்கும் என்று ஆளாளுக்கு ஊகம் செய்து முதலில் பாடிப் பதிந்துவிடப் போட்டி. படத்தில் அதை யார், யாரைப் பார்த்துப் பாடுகிறார் என்றுகூடத் தெரியாது. பதினோராவது பாட்டு ஒரு கலங்கரை விளக்கப் படத்துக்கானது. பின்னால் அந்தப் படத்தைப் போய்ப் பார்த்தேன். படம் முடிந்து சனங்கள் கோட்டை மாட்டிக்கொண்டு எழுந்து போகும்போது அந்தப் பாட்டு வருகிறது. யாரும் நின்று கேட்கவில்லை.

ஸ்டூடியோவில் என் உண்மையான வேலையை இப்போது சொல்கிறேன். பாடகர் கால் ப்ரெண்டிஸுக்குக் கிட்டப்பார்வை. கண்ணாடி போட மாட்டார், அழகு போய்விடும். தாளைக் கண்ணருகே தூக்கினால் மைக்கில் சரசரக்கும். அதனால் நான் அவருக்கு எதிரே முக்காலியில் உட்கார்ந்து ஒவ்வொரு வரியின் முதல் சொல்லையும் சத்தமில்லாமல் வாயசைப்பேன். அவர் பிடித்துக்கொள்வார். என் கையில் பாட்டுத் தாள் இருக்கும், அதைப் பார்த்துச் சொல்வதாக எல்லோரும் நினைத்தார்கள். நான் சட்டை தேய்க்கும்போது மாதிரி இசைத்தட்டை மூன்று தடவை கேட்டுப் பாட்டை மனப்பாடம் செய்துவிடுவேன். தாள் சும்மா கையில் இருக்கும்.

ஒருநாள் அதைத் தலைகீழாகப் பிடித்திருக்கிறேன். உன் அப்பா வாத்தியக்காரர்களுக்கு ஏதோ சொல்லியபடி என் பக்கம் வந்தார். பேச்சை நிறுத்தாமலே என் கையிலிருந்த தாளை எடுத்து, நேராகத் திருப்பி, கையிலேயே வைத்துவிட்டுப் போனார். என் முகத்தைப் பார்க்கவில்லை. பிறகும் ஒருநாளும் அதைப் பற்றிப் பேசவில்லை. அந்த ஊரில் எனக்குப் படிக்கத் தெரியாது என்று தெரிந்த ஒரே ஆள் உன் அப்பா வால்டர் லிண்ட்குவிஸ்ட்தான்.

அன்று 1963 அக்டோபரில் ஒரு வியாழக்கிழமை. ஆல்பத்துக்குக் கடைசி நாள். காலை ஒன்பது மணிக்கு உட்கார்ந்தோம், முப்பத்துநான்கு வாத்தியக்காரர்கள். உன் அம்மாவின் கார் பட்டறையில் கிடந்ததால் வீட்டிலிருந்த இன்னொரு காரை உன் அப்பா எடுத்து வந்திருந்தார். நீ பள்ளியில் இருந்தாய். அல்டர் பள்ளத்தாக்கு மேட்டு வீட்டில் உன் அம்மா ஸிக்னே மட்டும் தனியாக.

சிவப்பு விளக்கு எரிந்தால் அந்தக் கதவை யாரும் திறக்க முடியாது. கம்பெனி முதலாளியே வந்தாலும் வெளியேதான் நிற்க வேண்டும். அவசரமாக ஏதாவது என்றால் கதவில் தபால் போடும் அகலத்துக்கு ஒரு துவாரம் உண்டு. அதில் சீட்டு வரும். கதவோரம் உட்கார்ந்திருப்பவன் நான். யாருக்கு என்று கதவிலுள்ள கண்ணாடி வழியே வெர்னா கையைக் காட்டுவார். விளக்கு அணைந்ததும் நான் சீட்டைக் கொண்டுபோய்க் கொடுத்துவிடுவேன். படிக்கத் தெரியாத குறை அதில் என்னை ஒருநாளும் இடறியதில்லை.

பதினோராவது பாட்டில் ஐந்தாவது டேக் ஓடிக்கொண்டிருந்தது. ப்ரெண்டிஸுக்கு இரண்டாம் பத்தி நினைவில் தங்கவே இல்லை, என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்போது துவாரத்தில் சீட்டு வந்தது. வெர்னா கண்ணாடியில் முகத்தை ஒட்டி உன் அப்பாவைக் காட்டினார். கெஞ்சுவது போல இரண்டு கையையும் சேர்த்துக் காட்டினார். நான் தலையாட்டினேன். அவர் ஓடிப் போய்விட்டார். நான் வாயசைப்பை விடாமல் சீட்டைக் கையில் வைத்துக்கொண்டேன். விளக்கு அணைந்ததும் கொடுக்கத்தான் எழுந்தேன். சத்தியமாக எழுந்தேன்.

கால் ப்ரெண்டிஸ் பார்த்துவிட்டார். அவருக்குப் பாட்டு சரியாக வராத கடுப்பு, யாரையாவது வம்புக்கு இழுக்க வேண்டும். “என்னய்யா ஆர்லிஸ், காதல் கடிதமா? இந்த வயசுலயா? நின்னு சத்தமா படி, எல்லாரும் கேக்கட்டும்” என்றார். வயலின்காரர்கள் சிரித்தார்கள். நான் சீட்டைப் பார்த்தேன். நீல மையில் கோடு கோடாக இருந்தது. “பாருங்கடா, வெக்கப்படறாரு! அட படிய்யா, பாட்டெல்லாம் எனக்கே சொல்லிக் குடுக்கற வாய் அது!” அறுபத்தெட்டுக் கண்ணும் என் மேல்.

அப்போது உன் அப்பா என் முகத்தைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது. கையிலிருந்த குச்சியைத் தட்டி, “விடுங்க கால். மத்தியானச் சாப்பாட்டுச் சீட்டா இருக்கும். ஆர்லிஸ், அதைப் பையில போட்டு வை, பாட்டு முடியட்டும். சரி, ஆறாவது டேக்” என்றார். நான், “சாப்பாட்டுச் சீட்டுதாங்க” என்றேன். பையில் போட்டேன்.

பெட்டியில் இருப்பது இதுதான், மார்கிட். உன் அப்பாவின் குரல், அதைப் பையில் போட்டு வை, பாட்டு முடியட்டும் என்று. நாடாவில் முகம் தெரியாது. சிரிப்பு மட்டும் கேட்கும். நீ அதைக் கேட்டால் என்ன நினைப்பாய் என்று எனக்குத் தெரியும். அதனால்தான் திறக்காதே என்றேன். அவருக்கு அந்தச் சீட்டில் என்ன இருந்தது என்று தெரியாது. யாருக்கு வந்தது என்றும் தெரியாது. நாலு பேர் முன்னால் நான் கூசி நிற்கக் கூடாது என்று சொன்ன வார்த்தை அது.

வெர்னா எழுதுவதை நிறுத்திவிட்டார். நான் சன்னலைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறேன். இப்போது மறுபடி பேனாச் சத்தம் கேட்கிறது.

அதற்குப் பிறகு நான்கு டேக். விளக்கு அணைந்ததும் கொடுத்துவிடலாம் என்று ஒவ்வொரு தடவையும் நினைத்தேன். ஒவ்வொரு தடவையும் ப்ரெண்டிஸ் என்னைப் பார்த்துக் கண்ணடித்தார். எழுந்தால் மறுபடி படி என்பார். சாப்பாட்டுச் சீட்டுதானே, என்ன அவசரம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். சொன்ன பொய்யை நானே நம்ப ஆரம்பித்துவிட்டேன். ஒன்பதாவது டேக் நன்றாக வந்தது. கடைசி ஸ்வரம் காற்றில் கரைகிறவரை யாரும் மூச்சு விடக் கூடாது, பத்து எண்ண வேண்டும். எண்ணினோம். ஆல்பத்தில் இருப்பது அதுதான்.

கதவைத் திறந்தபோது மணி பதினொன்று இருபது. வெர்னா எதிரே நின்றார். உன் அப்பாவைப் பார்த்ததும் அவர் முகம் போன போக்கு இப்போதும் கண்ணில் நிற்கிறது. “நீங்க இன்னும் போகலையா?” உன் அப்பா கோட்டை எடுக்காமல் ஓடினார். பள்ளத்தாக்கின் கீழேயே போலீஸ் வண்டிகளை நிறுத்திவிட்டது. அங்கிருந்து அவரால் மேலே போக முடியவில்லை. பக்கத்து வீட்டுக்காரர்கள் பிறகு சொன்னார்கள்: தங்கள் வண்டியில் ஏறிக்கொள்ளும்படி உன் அம்மாவைக் கெஞ்சினார்களாம். வீட்டுக்காரர் வந்துகொண்டிருக்கிறார், மாறிப் போய்விடக் கூடாது என்று அவர் ஏறவில்லை, தீயில் போய்விட்டார்.

மறுநாள் ஸ்டூடியோவில் விசாரித்தார்கள். வெர்னா, சீட்டை ஆர்லிஸ் கையில்தான் கொடுத்தேன் என்றார். என் பையில் இரண்டு சீட்டு இருந்தது. ஒன்று காலையிலேயே வந்த நிஜமான சாப்பாட்டுச் சீட்டு, அதில் காப்பிக் கறை உண்டு, தடவினாலே மொரமொரப்பாக இருக்கும். விரலால் தேடி அதை எடுத்துக் கொடுத்தேன். தெரிந்தேதான் கொடுத்தேன். அவசரத்தில் வெர்னா சீட்டை மாற்றிப் போட்டுவிட்டார் என்று முடிவானது. முப்பத்துநான்கு பேரும் நான் சாப்பாட்டுச் சீட்டு என்று சொன்னதைக் கேட்டவர்கள். அன்று சாயங்காலமே வெர்னாவை வேலையை விட்டு அனுப்பினார்கள். அவர் சண்டை போடவில்லை. தான்தான் மாற்றிவிட்டோம் என்று அவரே நம்பிவிட்டார். போன வாரம் உன் கடிதத்தைப் படித்து முடித்துவிட்டு என்னிடம் சொன்னார்: “அவர் மேல தப்பே இல்லன்னு எழுதிடலாம் ஆர்லிஸ். சீட்டை மாத்திப் போட்டது நான்தானே.”

வெர்னா, நீங்கள் மாற்றவில்லை. இதையும் எழுதுங்கள்.

விசாரணையின்போது உன் அப்பா மூலையில் உட்கார்ந்திருந்தார். போலீஸ் தடுப்பைத் தாண்டப் பார்த்ததில் கையில் கட்டு. நான் அந்தச் சீட்டை நீட்டியதும் அவர் என் சட்டைப் பையைப் பார்த்தார். என் முகத்தைப் பார்க்கவில்லை, பையைத்தான் பார்த்தார். அவருக்குத் தெரிந்துவிட்டது. ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். சொல்லவில்லை. உன் சித்தி அவரைச் சபித்தபோதும் எனக்குச் சீட்டு வரவில்லை என்று மட்டும்தான் சொன்னார், என் பெயரை எடுக்கவில்லை. பையில் போடச் சொன்னது தன் வாய் என்பதாலோ என்னவோ. அதற்குப் பிறகு அவர் ஒரு பாட்டுக்கும் இசை எழுதவில்லை. அந்தப் பாட்டு வீட்டுக்கு வீடு ஒலித்தது. சலூனில், லிஃப்டில், பல் டாக்டர் வீட்டில். ரேடியோவில் வந்தால் நான் எழுந்து வெளியே போய் நிற்பேன்.

அந்தச் சீட்டை நான் எரிக்கவில்லை. நெருப்பில் போட மனம் வரவில்லை. பிஸ்கட் டப்பாவில் வைத்திருந்தேன். யாரிடமும் படிக்கக் கொடுத்ததில்லை. அதில் என்ன எழுதியிருக்கிறது என்று இன்று வரை எனக்குத் தெரியாது. இப்போது மேசை மேல் எடுத்து வைக்கிறேன். வெர்னா, இதில் இருப்பதை அப்படியே கீழே எழுதிவிட்டு எனக்கும் படித்துக் காட்டுங்கள்.

*திரு. லிண்ட்குவிஸ்ட் அவர்களுக்கு. காலை 10.15. உங்கள் மனைவி லைனில் இருக்கிறார். வீட்டுக்கு மேலே மேட்டில் புகை. கார் இல்லை. உடனே கிளம்புங்கள். — வெர்னா*

கேட்டுக்கொண்டேன்.

மார்கிட், எனக்கு மன்னிப்பு வேண்டாம், அதைக் கேட்கும் யோக்கியதை இல்லை. கம்பெனிக்காரரிடம் நான் சொல்லியாயிற்று, அந்தப் பேச்சைச் சேர்த்தால் இந்தக் கதையையும் சேர்த்துப் போடு என்று. அவர் இப்போது சிரிக்கவில்லை. நீ டுலூத்துக்குப் போ. இன்றைக்கே கிளம்பு. அவருக்கு நினைவு தப்பித் தப்பி வருகிறது என்றாயே, வருகிற நேரத்தில் நீ பக்கத்தில் இருக்க வேண்டும். ஆர்லிஸ் பையிலிருந்த சீட்டைக் கொடுத்துவிட்டான் என்று அவர் காதில் சொல். வலது பக்கமாக நின்று சொல், அவருக்கும் என்னைப் போல இடது காது மந்தம் என்று அப்போதே எனக்குத் தெரியும்.

நீயும் உன் பிள்ளைகளும் தீங்கில்லாமல் இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
உன் அப்பாவுக்குக் கடன்பட்டவன்
ஆர்லிஸ் டக்கெட் (பெயரை நானே போட்டிருக்கிறேன்)

மார்கிட்,

இதற்கு மேல் இருப்பதெல்லாம் அவர் சொன்னது, வாக்குக் கொடுத்தபடி ஒரு சொல்லும் மாற்றவில்லை. இது நான் எழுதுவது.

அவர் போய்விட்டார். பேருந்து நிறுத்தம் வரை துணைக்குப் போகலாமா என்று நினைத்தேன். போகவில்லை. இந்தக் காற்றில் மெல்ல நடந்து போவதைச் சன்னல் வழியே பார்த்தேன்.

அந்தச் சீட்டை உறையில் வைத்து உனக்கு அனுப்பச் சொன்னார். அனுப்புவேன், நாளைத் தபாலில். இன்று ஒருநாள் என்னிடம் இருக்கட்டும். என் கையெழுத்துதான். அப்போது கொஞ்சம் அழகாக இருந்திருக்கிறது.

ஆர்லிஸுக்குத் தெரியாத ஒன்று உண்டு, அதை நான்தான் உனக்குச் சொல்ல வேண்டும். கண்ணாடி வழியே அவர் தலையாட்டியதும் நான் மேசைக்கு ஓடி வந்து தொலைபேசியை எடுத்தேன். உன் அம்மா லைனிலேயே இருந்தார். பயந்த குரல் இல்லை, மெதுவாகத்தான் பேசினார். பக்கத்து வீட்டார் கூப்பிடுகிறார்கள், அவர்களோடு போய்விடவா என்று என்னிடம் கேட்டார். “வேண்டாம்மா, சீட்டு குடுத்தாச்சு, இதோ வந்துட்டே இருக்கார். நீங்க அங்கயே இருங்க” என்று சொன்னவள் நான்.

அப்பாவைப் போய்ப் பாரம்மா. காத்திருக்க வைக்காதே.

வெர்னா கீட்டிங்